சர்வரை மூடும் முன் சாவியைக் கொடுக்கச் சொல்லுங்கள்

மதிப்பிற்குரிய நுகர்வோர் விவகாரத் துறைச் செயலர் அவர்களுக்கு, வணக்கம்.

பழுதுநீக்கும் உரிமைக்கென 2022 டிசம்பரில் இணையதளம் தொடங்கியது உங்கள் துறைதான். பின்னணியை நாங்கள் விளக்க வேண்டியதில்லை.

தானே வீட்டைப் பெருக்கும் ரோபோ வாக்குவங்களைப் பழுதுபார்ப்பவர்கள் நாங்கள். பெங்களூரில் எங்கள் மேசைக்கு வருபவை பலவற்றில் மோட்டார் ஓடுகிறது, அறையை லேசரால் அளக்கும் லிடார் சுற்றுகிறது. பேட்டரி போயிருந்தால் 14.4 வோல்ட் பேக்கை மாற்றிவிடலாம். ஆனால் செத்திருப்பது, மெஷின் இணையம் வழியே நம்பியிருக்கும் கம்பெனியின் சர்வர். வீட்டில் ரவுட்டரை மாற்றினாலே சிக்கல்: புது வைஃபையில் சேர்க்க ஆப் வேண்டும், ஆப்புக்கு சர்வர் வேண்டும். அது இல்லையென்றால் மேப் கிடையாது, பூஜை அறைக்குள் போகாதே என்று கோடு போட முடியாது. பட்டனை அமுக்கி ஓடவிடலாம், அவ்வளவுதான். ரோபோ வாக்குவம் தயாரித்த நீட்டோ நிறுவனம் 2023இல் மூடப்பட்டபோது ஐந்து ஆண்டுக்கு சர்வர் இருக்கும் என்றார்கள்; 2025இலேயே நிறுத்திவிட்டார்கள்.

சர்வரை மூடும் முன் சாவியை, அதாவது மெஷினின் மென்பொருள் பூட்டைத் திறக்கும் வழியை, கொடுக்க வேண்டும் என்று விதி செய்யுங்கள். இதுதான் எங்கள் கோரிக்கை.

முடியாத காரியம் இல்லை. வேலட்யூடோ என்ற திறமூல மென்பொருள் வெளி சர்வரே இல்லாமல் வீட்டு வைஃபைக்குள் ரோபோவை இயக்குகிறது. ட்ரீமி நிறுவனத்தின் மாடல்கள் பலவற்றில் மேல்மூடிக்கு அடியில், உள்ளிருக்கும் மென்பொருளைச் சோதிப்பதற்கான 16 பின் டீபக் (debug) சாக்கெட் உண்டு. கம்ப்யூட்டரை அதோடு இணைக்கும் யுஏஆர்டி அடாப்டரை 3.3 வோல்ட்டில் வைத்து டிஎக்ஸ் (அனுப்ப), ஆர்எக்ஸ் (பெற), கிரவுண்ட் மூன்றை மட்டும் இணைத்து, 115200 பாட் வேகத்தில் உள்ளே போகலாம். 5 வோல்ட்டில் வைத்தால் போர்டே போய்விடலாம். முதலில் மெஷினின் நினைவகத்தில் உள்ள 'பிரைவேட்', 'மிஸ்க்' என்ற இரண்டு பகுதிகளையும் பேக்கப் எடுக்க வேண்டும். அந்த மெஷினுக்கே உரிய அடையாளமும் கேலிபரேஷனும் (சென்சார் அளவுத் திருத்தங்கள்) அவற்றில்தான். தொலைத்துவிட்டால் வேறு மெஷினிலிருந்து எடுத்துப் போட்டுச் சரிசெய்ய முடியாது.

ஆனால் கம்பெனியே டிஜிட்டல் கையொப்பமிட்ட ஃபர்ம்வேரை (மெஷினுக்குள் ஓடும் மென்பொருளை) மட்டுமே ஏற்கும் மாடல்களில் இந்தக் கதவும் பூட்டிக்கிடக்கிறது. பாதுகாப்புக்காகவாம். அப்டேட் நின்ற பிறகு ஓட்டையை அடைக்கப்போவது யார்? காசு கொடுத்து வாங்கியவரைப் பூட்டி வெளியே நிறுத்துவதை எப்படிப் பாதுகாப்பு என்பது? 2022 மின்கழிவு விதிகள் தயாரிப்பாளரை மறுசுழற்சிக்குப் பொறுப்பாக்கின. ஓடுகிற மெஷினை மென்பொருளால் குப்பையாக்குவதை மட்டும் ஏன் யாரும் கேட்பதில்லை?

கோபத்தில் நீட்டிவிட்டோம், பொறுத்தருளுங்கள். சர்வர் எந்தத் தேதி வரை ஓடும் என்பதைப் பெட்டியிலேயே அச்சிடச் சொல்லுங்கள். மூடுவதற்கு ஆறு மாதம் முன்பாவது, பூட்டைத் திறக்கும் கடைசி அப்டேட்டை வெளியிடச் சொல்லுங்கள். சாவி, வாங்கியவர் கைக்கு வர வேண்டும். தயவுசெய்து ஆவன செய்யுமாறு பணிவுடன் கேட்டுக்கொள்கிறோம்.

இப்படிக்கு,
பெங்களூரில் ரோபோ வாக்குவம் பழுதுபார்ப்போர்