இந்தப் படத்திலும் அவன் பேசவில்லை

நீ அனுப்பிய ஸ்கிரிப்டைப் படித்துவிட்டேன். டப்பிங்குக்கு நான் வர மாட்டேன். வாட்ஸ்அப்பில் சொன்னால் நீல டிக் மட்டும்தான் வரும், அதனால் இங்கே எழுதுகிறேன். உன் பெயரும் படத்தின் பெயரும் வேண்டாம். பாலக்காட்டுப் பக்கம் கொழிஞ்சாம்பாறையிலும் இதைப் படிக்கிறவர்கள் இருக்கிறார்கள், நம் வீட்டுப் பெரியவர்கள் உட்பட. நடந்ததில் பாதியை அவர்களுக்காகவே விட்டுவிடுகிறேன்.

கொச்சியில் உன் போன குறும்படத்துக்கு நான் குரல் கொடுத்த அந்த டப்பிங் நாள்தான் திரும்பத் திரும்ப வருகிறது. "நீ எந்தா ஒந்நும் பறயாத்தே?" நீ ஏன் ஒன்றும் சொல்வதில்லை என்று அவள் கேட்கிற அந்த ஒற்றை வரிக்கு எத்தனை டேக்! ஒவ்வொரு தடவையும் கண்ணாடிக்கு அந்தப் பக்கமிருந்து எழுந்து வந்தாய். "நடுவில் ஒரு மூச்சு எடு. அழாதே, அவள் அழுது முடித்தவள்" என்றாய். தொண்டை கட்டியதும் சுக்குவெள்ளம் வாங்கிவந்து, ஆற்றிக் கொடுத்தாய். அவ்வளவு பொறுமையான ஆளை நான் பார்த்ததில்லை. அதே கேள்வியை அந்த வாரம் முழுக்க வீட்டில் உன்னிடம் கேட்டுக்கொண்டிருந்தேன். நீ போனிலிருந்து தலையைத் தூக்கவில்லை.

சொல்லாமல் கிளம்பிவிட்டேன், மன்னித்துவிடு. சொல்லியிருந்தால் மட்டும் என்ன பதில் வந்திருக்கும்?

அந்தப் படம் நல்ல படம், இன்னமும் சொல்வேன். ஆனால் பேசாத ஆண் என்றால் உடனே ஜன்னல், மழை, புல்லாங்குழல். பார்க்கிறவர்கள் அவனுக்காக உருகுகிறார்கள். 'உயரே' (2019) மலையாளப் படம் பார்த்துவிட்டு ராத்திரி வெகுநேரம் பேசினோமே, அப்போதெல்லாம் நீ பேசுவாய். அதில் பல்லவியின் காதலன் கோவிந்துக்கும் வேலை சரியாக அமையவில்லை, அவனாக நடித்த ஆசிஃப் அலியின் முகத்தைப் பார்த்தால் பாவமாகக்கூட இருக்கும். ஆனாலும் ஆசிட் வீசுவதற்கு வெகு முன்பே, பல்லவியின் உடுப்பில் அவன் தலையிடும்போதே, படம் அவன் யாரென்று காட்டிவிடுகிறது. குறும்படத்தில் அதற்கெல்லாம் நேரமில்லை என்பாய். 'ஃப்ரீடம் ஃபைட்' (2022) என்ற மலையாளப் படமும் ஐந்து குறும்படங்கள் சேர்ந்ததுதான். ரஜிஷா விஜயன் நடித்த 'கீது அன்செயின்ட்' அதில் ஒன்று, அந்தக் கதை கீதுவின் பக்கமே நிற்கிறது.

உன் புது ஸ்கிரிப்டில் அவன் மௌனமாகிற சீனில் கேமராவை அவள்மேல் வை. அவன் சாப்பிட்டு எழுந்திருக்கும்வரை அவள் என்ன செய்கிறாள், யாரைக் கூப்பிட போனை எடுத்துவிட்டுத் திரும்ப வைக்கிறாள், அதைக் காட்டு. நீ அதைப் பார்த்ததே இல்லை.

அத்தைக்குக் கண் ஆபரேஷன் என்று எழுதியிருந்தாய். தேதியை உன் தங்கையிடம் கேட்டுக்கொள்கிறேன்.