பெனாரிக்கான்: ஆறு ஒன்றல்ல, இரண்டு

ஆசிரியர் அவர்களுக்கு வணக்கம்.

மலேசியாவில் எங்கள் பகாவ் பக்கம் சுற்றுலா வரும் பள்ளிப் பிள்ளைகளிடம், ‘மேற்குக் கடலையும் கிழக்குக் கடலையும் ஒரே ஆறு இணைத்தது’ என்று சொல்லிவிடுகிறார்கள். கால்வாய் வெட்டினார்கள் என்பாரும் உண்டு. இரண்டும் பிசகு. இங்கே ஓடுபவை இரண்டு ஆறுகள். நடுவில் சில நூறு மீட்டர் தரை. அந்தக் காலத்தில் ஓர் ஆற்றிலிருந்து மற்ற ஆற்றுக்குப் படகை இழுத்துக் கடந்த அந்தத் தரைதான் பெனாரிக்கான். மலாய் மொழியில் ‘தாரிக்’ என்றால் இழு. செய்த வேலையே பெயராகிவிட்டது.

மூவார் ஆறு கோலப்பிலா மலைப்பக்கம் பிறந்து, தென்சீனக் கடலுக்கே போகப்போவதுபோல் முதலில் கிழக்கே ஓடும். ஜெம்போல் வட்டாரத்துக்கு வந்ததும் தெற்கே திரும்பி, மூவார் நகரான பண்டார் மகாராணியில், மேற்கே மலாக்கா நீரிணையைச் சேரும். ஜெம்போல் ஆறு அதன் கிளை. பக்கத்திலேயே ஓடும் செர்டிங் ஆறோ பெரா ஆற்றில் கலந்து, பகாங் ஆற்றோடு பெக்கானில் தென்சீனக் கடலுக்குப் போகிறது. தித்திவங்சா மலைத்தொடர் நெகிரி செம்பிலானில் தாழ்ந்து அடங்கிவிடுகிறது. அதனால் நீர் பிரியும் மேடு இங்கே மேடாகவே தெரியாது. செம்பனை நிரைகளுக்குள் நடந்தால் ஏறியதும் தெரியாது, இறங்கியதும் தெரியாது.

மூவாரிலிருந்து வந்த படகு ஜெம்போல் வரை நீரோட்டத்தை எதிர்த்துத்தான் வர வேண்டும். தரை தாண்டிய பிறகு பெக்கான் வரை ஆறே இழுத்துப் போகும். பெக்கானிலிருந்து வருபவருக்கு இது தலைகீழ். கப்பலே இந்த வழியாகப் போனது என்பது வெறும் கதை. மேலாற்றின் ஆழத்துக்கு அடிப்பகுதி தட்டையான சிறு படகுதான் தோது. சரக்கை இறக்கித் தோளில் சுமந்து, காலிப் படகை இழுக்க வேண்டும். மழை குறைந்தால் படகு மணலில் தட்டும். மிகுந்தால் இழுக்கும் தரை சேறாகிக் கால் புதையும். ஆனாலும் தீபகற்பத்தைத் தெற்கே சுற்றிவரும் கடல்பயணம் மிச்சம்.

1511இல் போர்த்துகீசியரிடம் மலாக்காவை இழந்த சுல்தான் மஹ்மூட் ஷா பகாங்குக்குப் போனது இந்த வழியாகத்தான். 1613இல் போர்த்துகீசிய வரைபடக் கலைஞர் எரேடியா வரைந்த வரைபடத்திலும் பெனாரிக்கான் உண்டு.

ஆகவே ஆசிரியர்கள் தகவல் பலகையோடு நின்றுவிடாமல், இரண்டு ஆற்றுப் பாலங்களிலும் பிள்ளைகளை நிறுத்தி, ஆளுக்கு ஓர் இலையைப் போடச் சொல்லலாம். ஜெம்போலில் போட்டது மூவாருக்கு, செர்டிங்கில் போட்டது பெக்கானுக்கு. கனமழைக்கு மறுநாள் மட்டும் வேண்டாம், கரை வழுக்கும்.

வாசகர்,
பகாவ், நெகிரி செம்பிலான்