தொண்டிக் கடலை விடாமல் அளந்து சொல்லுங்கள்

காரைக்குடி சிக்ரி (மத்திய மின்வேதியியல் ஆராய்ச்சி நிறுவனம்) விஞ்ஞானிகளுக்கும், அழகப்பா பல்கலைக்கழகத் தொண்டி வளாகத்தில் கடலியல் நடத்தும் ஆசிரியர்களுக்கும் வணக்கம்.

செட்டிநாட்டில் கடல் இல்லை. ஆனால் எங்கள் பழைய வீடுகளின் சுவரில் கடல் இருக்கிறது. கிளிஞ்சலைச் சுட்டு நீற்றிய சுண்ணாம்பில் முட்டை வெள்ளைக்கரு சேர்த்து, நாள் கணக்கில் தேய்த்து மெருகேற்றிய பூச்சு அது. கை வைத்தால் இன்றும் வழுவழுவென்று இருக்கிறது. அந்தக் கிளிஞ்சல் ஓட்டைக் கட்டும் கடல் உயிர்களுக்குத்தான் இப்போது சிக்கல்.

நாம் காற்றில் விடும் கார்பன் டை ஆக்சைடில் ஏறத்தாழக் கால் பங்கைக் கடல் வாங்கிக்கொள்கிறது. அது நீரில் கரைந்து அமிலமாவதால், ஓடு கட்டத் தேவையான கார்பனேட் குறைகிறது. தொழிற்புரட்சிக்கு முன் 8.2 ஆக இருந்த கடல் மேற்பரப்பின் பிஎச் (அமில, காரத்தன்மையின் அளவு; இது இறங்கினால் அமிலத்தன்மை கூடுகிறது என்று பொருள்), இப்போது 8.1-ஐ ஒட்டி நிற்கிறது. அற்ப வித்தியாசமாகத் தெரியும். ஆனால் அமிலத்தன்மை தரும் ஹைட்ரஜன் அயனிகள் கால் பங்குக்கு மேல் கூடிவிட்டன. கடல் இன்னும் காரத்தன்மையோடுதான் இருக்கிறது, சரி. நண்டிலும் இறாலிலும் சில இனங்கள் தாங்கிக்கொள்கின்றன. சிப்பிக் குஞ்சு அப்படியில்லை. பிறந்த ஓரிரு நாளிலேயே அது முதல் ஓட்டைக் கட்டியாக வேண்டும். அமெரிக்காவின் ஒரெகன் கரையில் 2007 வாக்கில், ஆழத்திலிருந்து மேலே வந்த கார்பன் டை ஆக்சைடு மிகுந்த நீர் சிப்பிக் குஞ்சு வளர்க்கும் பொரிப்பகத்துக்குள் புகுந்து, குஞ்சுகள் கூட்டம் கூட்டமாகச் செத்தன. நீரை விடாமல் அளந்து, சோடியம் கார்பனேட் சேர்த்துச் சரிசெய்த பிறகுதான் அங்கே தொழில் நிமிர்ந்தது.

அளந்ததால் பிழைத்தார்கள். நான் கேட்பதும் அதைத்தான்.

தேவகோட்டை, திருவாடானை தாண்டினால் தொண்டி. அங்கே பாக் விரிகுடா ஆழமில்லாத கடல், கடற்புல் நிறைந்தது. பகலில் புல் கார்பன் டை ஆக்சைடை இழுப்பதால் பிஎச் ஏறும், இரவில் இறங்கும். நண்பகலில் ஒரு பாட்டில் தண்ணீர் எடுத்துச் சோதித்தால் எல்லாம் நலம் என்றுதான் காட்டும். இரவும் பகலும், வாடைக்காற்றிலும் கச்சான் காற்றிலும், வருடக்கணக்கில் ஒரே இடத்தில் அளந்தால்தான் உண்மை நிலவரம் தெரியும். உப்புநீரில் பிஎச் அளக்கும் மின்முனை மெல்ல மெல்லப் பிசகும், அடிக்கடி சரிபார்க்க வேண்டும் என்பது உங்களுக்கு நான் சொல்லித் தெரிய வேண்டியதில்லை. மின்வேதியியலுக்கென்றே ஓர் ஆய்வகம், கடற்கரையிலேயே ஒரு கடலியல் துறை, இரண்டும் பக்கத்துப் பக்கத்தில் எத்தனை ஊருக்கு வாய்க்கும்?

இரு தரப்பும் சேர்ந்து தொண்டியில் நிரந்தரமாக ஓர் அளவீட்டு நிலையத்தை நடத்துங்கள். பிஎச்சோடு வெப்பநிலை, உப்புத்தன்மை, காரத்திறன் (அமிலத்தைச் சமாளிக்கும் நீரின் திறன்) எல்லாம் அதில் பதிவாகட்டும். அந்த எண்களை ஆய்விதழோடு நிறுத்திவிடாமல், மாதாமாதம் தமிழில் எழுதி மீன் ஏலம் நடக்கும் இடத்திலும் ஒட்டுங்கள். சிப்பியும் நண்டும் எடுப்பவர்கள் தாங்கள் கடலில் பார்ப்பதை உங்களிடம் சொல்வதற்கு, அதே பலகையில் ஒரு தொலைபேசி எண்ணும் இருக்கட்டும்.

இப்படிக்கு,
காரைக்குடிவாசி ஒருவர்