கொலையாளி யார் என்று மட்டுமாவது தெரிவிக்கவும்

மதிப்பிற்குரிய ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். புற்றுநோய் உண்டாக்கும் வேதிப்பொருள்களைப் பற்றி உங்கள் பத்திரிகையில் தொடர் எழுதிவரும் விஞ்ஞானி எழுதிய மர்மக்கதையைச் சென்ற இதழில் போட்டிருந்தீர்கள். சந்தோஷம். கதைக்கு மேலே, ‘ஆய்வகத்தில் பொழுது போகாதவரின் விளையாட்டு’ என்று கட்டம் கட்டி ஒரு வரியும் போட்டிருந்தீர்கள். அதற்குத்தான் இந்தக் கடிதம்.

உணவுப் பரிசோதனைக் கூடத்தில் 31 வருஷம் இருந்து ஓய்வு பெற்றவள் நான். பொழுது போகவில்லை என்று அங்கே யாரும் கொட்டாவி விட்டதாக ஞாபகம் இல்லை. மிட்டாயைத் தண்ணீரில் கரைத்து, சில சொட்டு அமிலம் விட்டு, வெள்ளைக் கம்பளி நூலைப் போட்டுக் கொதிக்கவைப்போம். நூலை எடுத்துக் குழாயடியில் அலசுவோம். அப்படியும் நிறம் போகாமல் ஒட்டிக்கொண்டிருந்தால், செயற்கைச் சாயம்தான் என்ற சந்தேகம் ஊர்ஜிதம். பிறகு அது எந்தச் சாயம், எந்தக் கடைச் சரக்கு என்று தேடல் தொடங்கும். இதற்குப் பெயர் துப்பறிவது இல்லையா சார்?

நீங்கள் அறியாததல்ல. புகைபோக்கி துடைப்பவர்களுக்கு விதைப்பையில் வரும் புற்றுக்குப் புகைக்கரிதான் காரணம் என்று லண்டன் டாக்டர் பெர்சிவல் பாட் எழுதியது 1775-ல். யாமகிவாவும் இச்சிகாவாவும் ஜப்பானில் முயல் காதில் மாதக்கணக்காக நிலக்கரித் தார் தடவி, புற்றை வரவழைத்துக் காட்டியது 1915-ல். தாருக்குள் ஒளிந்திருந்த பென்சோபைரீன் என்ற வேதிப்பொருள் பிடிபட்டதோ 1930-களில். புகார் கொடுத்து 150 வருஷத்துக்கு மேல் கழித்துக் குற்றவாளி! பாரத் எலெக்ட்ரானிக்ஸில் வேலை பார்த்துக்கொண்டே கணேஷ்-வசந்தை உலவவிட்ட சுஜாதாவும் பொழுது போகாமல்தான் எழுதினாரா?

2024 பிப்ரவரியில் தமிழ்நாட்டில் நிறமேற்றிய பஞ்சுமிட்டாயைத் தடை செய்தபோது, ‘ஒரு வாய் தின்றாலே புற்றுநோய்’ என்று அட்டையில் அலறினீர்கள். தடை சரிதான். அதில் கலந்த ரோடமின்-பி துணிக்குப் போடுகிற சாயம், வாயில் வைக்கிற பண்டத்தில் அதற்கு என்ன வேலை? ஆனால் பிரான்சின் லியோன் நகரிலுள்ள பன்னாட்டுப் புற்றுநோய் ஆய்வு நிறுவனம் அதை மூன்றாம் பிரிவில்தான் வைத்திருக்கிறது. அதாவது, தீர்ப்புச் சொல்லச் சாட்சி போதவில்லை. புகையிலை சேராத வெறும் பாக்கையோ அதே நிறுவனம் 2003-லேயே முதல் பிரிவில் சேர்த்துவிட்டது. சாட்சியம் முடிந்து தீர்ப்பும் ஆன கேஸ். அதைச் சொல்லி இரண்டு கடிதம் போட்டேன். இரண்டும் வரவில்லை. பின்னட்டையில் பாக்குத்தூள் விளம்பரம் மட்டும் வாரம் தவறாமல் வந்தது.

என் மாமியார் புகையிலையைத் தொட்டவரில்லை. பாக்குவெட்டி மட்டும் எப்போதும் மடியில் இருக்கும். கடைசியில் வாய்க்குள் ஒரு விரல்கூட நுழையவில்லை, ஓரத்தில் சொட்டுச் சொட்டாகக் கஞ்சி விடுவேன். “நான் என்ன பொயலையா போட்டேன்?” என்று டாக்டரிடம் சண்டைக்குப் போனார். அவருக்கு முன்கூட்டியே யார் சொன்னது? நீங்களா?

கட்டம் கட்டிய வரிக்கு மறுப்பு வெளியிடச் சொல்லி நான் கேட்கவில்லை. அதற்கெல்லாம் உங்களிடம் இடம் இருக்காது. அந்தக் கதையின் கடைசிப் பத்தி 62-ஆம் பக்கத்தில் கூந்தல் தைல விளம்பரத்துக்குக் கீழே காணாமல் போயிருக்கிறது. ஆர்செனிக்கைப் பாயசத்தில் கலந்தது மருமகளா, கம்பவுண்டரா? சுயவிலாசமிட்ட அஞ்சலட்டை இணைத்திருக்கிறேன். ஒரு வார்த்தை எழுதிப் போட்டால் போதும்.

தங்கள் நெடுநாள் வாசகி,
ஈரோடு