அண்ணனுக்கு, டி.சி. வாங்கிய பிறகு

அண்ணா,

பையனுக்கு அந்த விடுதிப் பள்ளியிலிருந்து டி.சி. வாங்கியாயிற்று. உனக்கு விஷயம் எட்டியிருக்கும். நீ போனை எடுப்பதாக இல்லை, மதினி நான் எழுதுவதைப் படிப்பார் என்பதால் இங்கே எழுதுகிறேன். ஊரே பார்க்கிற இடத்தில் எழுதுகிறாளே என்று கத்துவாய். அதனால் பணக் கணக்கு எதையும் இங்கே எடுக்கவில்லை. அதை நேரில் பேசிக்கொள்வோம்.

முதலில் மன்னிப்பு. உன் மடியில் உட்கார வைத்துத்தான் அவனுக்குக் காது குத்தினோம். தாய்மாமனைக் கேட்காமல் இப்படி ஒரு முடிவெடுத்தது முறையில்லைதான். ஆனால் கேட்டிருந்தால் விட்டிருப்பாயா? "இன்னும் ஒரு வருஷம் பல்லைக் கடிச்சுக்கிட்டு இருக்கட்டும்" என்றிருப்பாய். கடிக்கப்போவது யார் பல் என்று நீ யோசித்ததில்லை.

விடுதியில் நடந்ததை இங்கே எழுத மாட்டேன். அது அவன் விஷயம்; கூடப் படித்த பிள்ளைகள் கண்ணில் இது படலாம். ஒன்று மட்டும் சொல்கிறேன். லீவுக்கு வந்தவன் சமையற்கட்டு வாசலில் நின்றுகொண்டு, "அம்மா, தண்ணி குடிச்சுக்கட்டுமா?" என்று கேட்டான். 16 வயசுப் பையன், சொந்த வீட்டில். நான் தலையாட்டும் வரை டம்ளரைத் தொடவில்லை.

"பி.எட். பிள்ளைகளுக்கு நடத்துற பாடத்தை வச்சுப் பிள்ளை வளர்க்கிறா" என்று பொங்கலன்று எல்லார் முன்னாலும் சொன்னாய். ஆமாம், பிள்ளைகளின் மனம் எப்படி வளர்கிறது என்பதுதான் நான் நடத்தும் தாள். அதை வகுப்பிலேயே கழற்றி வைத்துவிட்டு வீட்டுக்கு வர எனக்குத் தெரியாது. நீ மட்டும் திராட்சைத் தோட்டத்தைக் கம்பத்திலேயே விட்டுவிட்டா வருகிறாய்? சாப்பிட உட்கார்ந்தால்கூட சாம்பல் நோய்ப் பேச்சுதான்.

சரி, உன் தோட்டத்தை வைத்தே சொல்கிறேன். அமெரிக்காவின் தேசிய மனநல நிறுவனத்தில் ஜே கீட் என்பவரும் உடன் இருந்தவர்களும் பிள்ளைகளின் மூளையைச் சில வருஷம் விட்டு விட்டு எம்.ஆர்.ஐ. எடுத்துப் பார்த்து 1999இல் எழுதினார்கள். நெற்றிக்குப் பின்னால் உள்ள பகுதியில் சாம்பல் நிறத் திசு 11, 12 வயது வரை கூடிக்கொண்டே போய், அப்புறம் குறைய ஆரம்பிக்கிறது. கெட்டுப்போவதால் குறைவதில்லை. சின்ன வயதில் நரம்பு செல்கள் தேவைக்கு மேல் இணைப்புகளைப் போட்டு வைக்கின்றன. புழக்கத்தில் இருப்பவை நிற்கின்றன, மற்றவை உதிர்கின்றன என்பதுதான் பொதுவாகச் சொல்லப்படும் காரணம். கவாத்து மாதிரி. ஆனால் உன் கொடியில் எந்தக் கிளையை விடுவது என்று நீ பார்த்து வெட்டுகிறாய். இங்கே கத்தரி யார் கையிலும் இல்லை. பிள்ளை தினமும் எதைச் செய்து பழகுகிறானோ அதற்கு அதில் பெரிய பங்கு உண்டு. 20 வயது தாண்டியும் நடக்கிற வேலை இது. அதில் மும்முரமான வருஷங்களில் அவன் பழகிக்கொண்டிருந்தது தண்ணீர் குடிக்க அனுமதி கேட்பதை.

அப்புறம் அந்தக் காலை 4.30 மணிப் படிப்பு. "நாமெல்லாம் எந்திரிக்கலையா?" என்பாய். நாம் எட்டரைக்கே படுத்துவிடுவோம். இவனுக்கு 11 மணி வரை ஸ்டடி. வயசுக்கு வந்த பிள்ளைகளுக்குத் தூக்கம் வர வைக்கும் மெலடோனின் சுரப்பதே ராத்திரி தள்ளிப்போகிறது. மேரி கார்ஸ்கடன் என்ற தூக்க ஆராய்ச்சியாளர் பல வருஷமாக இதைத்தான் ஆராய்ந்தார். இந்த வயதுக்கு 8 முதல் 10 மணி நேரத் தூக்கம் வேண்டும். கலிபோர்னியாவில் உயர்நிலைப் பள்ளிகள் காலை 8.30க்கு முன்னால் தொடங்கக் கூடாது என்று சட்டமே போட்டு, 2022இலிருந்து நடைமுறையில் இருக்கிறது. இங்கே அவன் கண் சொக்கினால் வகுப்பு முடியும் வரை நிற்க வேண்டும்.

இதையெல்லாம் சொன்னால் நீ ஒரே பதில்தான் வைத்திருப்பாய்: "என்னை விடுதிதான் மனுஷனாக்குச்சு." அதனால் கிணற்றைப் பற்றிப் பேசித்தான் ஆக வேண்டும்.

அன்று வரை நீ மோட்டார் ரூம் மேலிருந்து குதித்ததே இல்லை. படியில் இறங்கி, காலை நனைத்து, கொஞ்ச நேரம் உட்கார்ந்துவிட்டுத்தான் நீந்தப் போவாய். அன்று பசங்கள் நாலைந்து பேர் திட்டில் உட்கார்ந்திருந்தார்கள். நீ சட்டையைக் கழற்றி என் கையில் கொடுத்துவிட்டு மேலே ஏறினாய். குதிக்கும் முன் நீ தண்ணீரைப் பார்க்கவில்லை அண்ணா. அவர்கள் முகத்தைப் பார்த்தாய், ஒவ்வொருவராக. தாடை கல்லில் உரசி ரத்தத்தோடு மேலே வந்தபோதும் சிரித்துக்கொண்டுதான் வந்தாய். வாய் ஒரு பக்கம் மட்டும் சிரித்தது. மற்ற பக்கத்தை அசைக்க முடியவில்லை.

சாயங்காலம் அப்பா, "தலை பட்டிருந்தா என்ன ஆகும்னு தெரியுமாடா?" என்று கேட்டார். "தெரியும்" என்றாய். தெரியாது என்றிருந்தால் ரெண்டு அடியோடு போயிருக்கும். அந்தத் "தெரியும்"தான் அவரைக் கிளப்பியது. அடுத்த ஜூனில் உன் பெட்டி விடுதிக்குப் போனது. அவர் இப்போது இல்லை, அதனால் இதற்கு மேல் அவரை இழுக்கவில்லை.

நீ உண்மையைத்தான் சொன்னாய். 16 வயதில் அமைதியாக உட்கார வைத்துக் கேட்டால் ஏறக்குறையப் பெரியவர்கள் அளவுக்கு யோசிக்கிறார்கள். பக்கத்தில் சேக்காளிகள் இருந்தால்தான் கணக்கு மாறுகிறது. மார்கோ கார்ட்னரும் லாரன்ஸ் ஸ்டெய்ன்பெர்க்கும் 2005இல் வெளியிட்ட ஆய்வில், கம்ப்யூட்டரில் கார் ஓட்டும் விளையாட்டு. மஞ்சள் விளக்கு விழுந்த பிறகு எவ்வளவு தூரம் துணிந்து ஓட்டுகிறாய் என்பதுதான் சோதனை. தனியாக ஆடும்போது வளரிளம் பிள்ளைகளுக்கும் பெரியவர்களுக்கும் பெரிய வித்தியாசம் இல்லை. வயதொத்தவர்கள் கூட இருந்தபோது பிள்ளைகளின் துணிச்சல் கிட்டத்தட்ட ரெண்டு மடங்கானது. 24 வயதைத் தாண்டியவர்களிடம் மாற்றமே இல்லை. 2011இல் மூளைப் படத்தோடு இன்னொரு ஆய்வு வந்தது: நண்பர்கள் பார்க்கிறார்கள் என்று தெரிந்தாலே, பரிசு கிடைத்தால் விழித்துக்கொள்ளும் பகுதி அந்த வயதில் கூடுதலாக வேலை செய்கிறது.

அன்று உன்னை "ஏறுடா ஏறுடா" என்று ஏற்றிவிட்டவன் இப்போது ஸ்கூல் வேன் ஓட்டுகிறான். நாற்பதுக்கு மேல் முள் போவதில்லை. அம்மாக்களெல்லாம் அவன் வண்டியில்தான் பிள்ளையை விடுவேன் என்கிறார்கள். அவன் எந்த விடுதிக்கும் போகவில்லை. அவனுக்கும் வயசு ஏறியது, உனக்கும் ஏறியது. உன்னைத் திருத்தியதாக நீ கும்பிடும் இடத்துக்கு அதில் எவ்வளவு பங்கு என்று ஒருநாள் யோசித்துப் பார்.

விடுதி என்றாலே ஆகாது என்று சொல்ல வரவில்லை. என் வகுப்பில் பாதிப் பேர் அரசு நல விடுதியில் தங்கிப் படித்துத்தான் வந்தவர்கள். அது இல்லையென்றால் பத்தாவதோடு நின்றிருப்பார்கள். நான் சொல்வது இவனைப் பற்றி, அந்த ஒரு இடத்தைப் பற்றி.

உன்னைப் பற்றியும்தான். நீ திரும்பி வந்தபோது எனக்கு 13. போகும்போது என் தலையில் கிணற்றுத் தண்ணீரை ஊற்றிவிட்டு ஓடுகிறவனாக இருந்தாய். வந்தபோது நான் எந்த பஸ்ஸில் வந்தேன், ஏன் லேட் என்று விசாரிக்கிறவனாக இருந்தாய். நீ கேள்வி கேட்டது அக்கறையில் என்று இப்போது தெரிகிறது. அப்போது வார்டன் வீட்டுக்கு வந்த மாதிரி இருந்தது. இன்னும் கொஞ்சம் கோபம் இருக்கிறது, மறைக்கவில்லை. என் காலேஜ் ஃபீஸை நீ கட்டியது அந்தக் கோபத்துக்கு இடைஞ்சலாக இருக்கிறது.

இங்கே பக்கத்துப் பள்ளியில் பிளஸ் டூ சேர்த்திருக்கிறேன். நீட் எழுதுவதா வேண்டாமா என்பதை அவன் இன்னும் சொல்லவில்லை. நான் கேட்கவும் இல்லை. மெனக்கெட்டு வாயை மூடிக்கொண்டிருக்கிறேன், அது எனக்கு எவ்வளவு கஷ்டம் என்று உனக்குத் தெரியும். தப்பாகவே முடிவெடுத்தாலும் அவன் எடுத்துப் பழகட்டும்.

ஞாயிற்றுக்கிழமை அவன் உன்னைக் கூப்பிடுவதாகச் சொல்லியிருக்கிறான், நான் சொல்லிக் கொடுக்கவில்லை. எடுத்துப் பேசு. திட்ட வேண்டியதை எனக்கு வைத்துக்கொள், அவனிடம் தோட்டத்தைப் பற்றிப் பேசு. மே மாதம் வந்து உன்னோடு தங்கட்டுமா என்று கேட்கப்போகிறான். வேண்டாமென்றால் அதையும் அவனிடமே சொல், என் வழியாகச் சொல்லி அனுப்பாதே.

தங்கச்சி