மதிப்பெண் தாளை ஒட்டுங்கள்

ஆசிரியருக்கு வணக்கம்.

கேரளத்தில் 1957இல் தொடங்கிய பள்ளிக் கலோத்சவம் என்ற மாணவர் கலைப் போட்டி விழாவில், மாவட்ட அளவில் முதலிடம் தவறிய பிள்ளைகள் அப்பீல் போட்டும், அதுவும் தள்ளுபடியானால் நீதிமன்றப் படியேறியும் மாநில மேடைக்கு வருவது பல வருடங்களாக நடக்கிறது. தேர்வு மதிப்பெண்ணோடு சேரும் கிரேஸ் மார்க் இருப்பதால் பெற்றோரும் விடுவதில்லை. 2018இல் திருச்சூரில் போலி அப்பீல் உத்தரவுகளே பிடிபட்டன.

நம் அரசுப் பள்ளிகளிலும் 2022-23 முதல் கலைத் திருவிழா நடக்கிறது, கலையரசன், கலையரசி பட்டமெல்லாம் உண்டு. இங்கே அந்த நிலை வரவே கூடாது. ஒரு பெண் ஆடிய பரதத்துக்கு எத்தனை மார்க் என்று நீதிபதி எப்படிச் சொல்வார்? அவர் அந்த ஆட்டத்தைப் பார்க்கவே இல்லையே! விதி மீறப்பட்டதா, நடுவர் பாரபட்சம் காட்டினாரா என்பதைத்தான் கோர்ட் பார்க்க முடியும், அதற்குள் இறுதிப் போட்டியே முடிந்துவிடலாம். சரி, என்ன செய்யலாம்? தாளம், முகபாவம் என ஒவ்வொன்றுக்கும் எந்த நடுவர் எவ்வளவு போட்டார் என்பதை அன்றைக்கே பலகையில் ஒட்டட்டும், போட்டியாளரின் பாட்டு வாத்தியாரோ நடன ஆசிரியரோ நடுவராக உட்கார வேண்டாம், வீடியோ பதிவும் இருக்கட்டும். அப்புறம் வருகிற முறையீட்டைப் பள்ளிக் கல்வித் துறையே இரண்டு நாளில் விசாரித்து முடிக்கலாம்.

ஒரு மாணவியின் தாய்,
பெரம்பூர், சென்னை