காத்லீன் பைரன் பெயரில் ஒரு திரைவரிசை வேண்டும்

பிரிட்டிஷ் ஃபிலிம் இன்ஸ்டிட்யூட்டின் திரையிடல் குழுவினருக்கு,

வணக்கம். 2023-இல் இயக்குநர்கள் மைக்கேல் பவல், எமெரிக் பிரெஸ்பர்கர் இருவருக்கும் பெரிய விழா எடுத்தீர்கள். மனம் நிறைந்தது. அவர்களுடைய மூன்று படங்களில் நடித்த காத்லீன் பைரனுக்கும், அவர் பெயரையே தலைப்பாக வைத்து ஒரு திரைவரிசை நடத்துங்கள் என்று கேட்கத்தான் இந்த மடல்.

அவரைத் தெரிந்தவர்களுக்கும் 'பிளாக் நார்சிசஸ்' (1947) படத்தின் சிஸ்டர் ரூத்தாகத்தான் தெரியும். இமயமலை மடமாக நாம் பார்ப்பது பைன்வுட் ஸ்டுடியோவில் போட்ட செட். அதன் ஒளிப்பதிவுக்கும் கலை இயக்கத்துக்கும் ஆஸ்கர் கிடைத்தது, சரி. ஆனால் அந்த இரவுக் காட்சியில் செட்டா கண்ணில் படுகிறது? கன்னியாஸ்திரி உடையைக் களைந்துவிட்டுச் சிவப்பு கவுனில் உட்கார்ந்திருக்கிறாள் ரூத். எதிரே, மடத்தின் தலைவியாக நடிக்கும் டெபோரா கெர் பைபிளைக் கையில் எடுக்கிறார். இவள் சின்னக் கண்ணாடியைத் திறந்து, அவசரமே இல்லாமல் லிப்ஸ்டிக் பூசுகிறாள். அப்புறம் நிமிர்ந்து ஒரு பார்வை. பைத்தியக்காரி என்று சொல்லி அந்தப் பாத்திரத்தைக் கடந்துவிடுகிறார்கள். எனக்கு அந்த முகத்தில் தெரிவது, ஒருவழியாகத் தன் இஷ்டத்துக்கு ஒன்றைச் செய்துவிட்ட பெண்ணின் தெம்பு.

அந்த வேடமே அவருக்கு வினையாகிவிட்டது. மனம் பிறழ்ந்தவள், கொடுமைக்காரி என்று அதே அச்சில் வேடங்கள் வந்தன. கெர் ஹாலிவுட்டில் நட்சத்திரமானார். 1953-இல் வந்த 'யங் பெஸ்' படத்தில் கெர், 'பிளாக் நார்சிசஸ்' படத்தில் நடித்திருந்த ஜீன் சிம்மன்ஸ், பைரன் மூவரும் மறுபடி சேர்ந்தார்கள். பைரனுக்குச் சிறிய வேடம். பிறகு இங்கிலாந்தில் சின்னப் படங்கள், தொலைக்காட்சித் தொடர்கள், 1971-இல் 'ட்வின்ஸ் ஆஃப் ஈவில்' என்ற பேய்ப்படம்.

'தி ஸ்மால் பேக் ரூம்' (1949) பார்த்தவர்களுக்குத்தான் இந்த இழப்பு உறைக்கும். செயற்கைக் காலின் வலியோடும் குடியோடும் போராடுகிற வெடிகுண்டு நிபுணனாக டேவிட் ஃபாரர்; அவனுடைய காதலி சூசனாகப் பைரன். அவன் எப்போது விஸ்கி பாட்டிலை நோக்கிப் போவான் என்று அவளுக்குத் தெரியும். அவள் அதட்டுவதில்லை, கெஞ்சுவதில்லை. அவன் தன்னிரக்கத்திலேயே கிடக்கும்போது விட்டுவிட்டும் போகிறாள். இவ்வளவு அமைதியாக நடிக்கத் தெரிந்தவரைத்தான் கண்களை உருட்டும் வேடங்களுக்குக் கூப்பிட்டுக்கொண்டிருந்தார்கள்.

'சேவிங் பிரைவேட் ரயன்' (1998) படத்தில், நார்மண்டி கல்லறைத் தோட்டத்தில், தான் நல்ல மனிதனாக வாழ்ந்தேனா என்று முதிய ரயன் தன் மனைவியிடம் கேட்பார். ஆமாம் என்று சொல்லும் அந்த மனைவி பைரன்தான். உலகமே பார்த்த காட்சி. யார் என்று கேட்டவர்கள் குறைவு. 2009-இல், 88 வயதில் காலமானார்.

திரைவரிசையைச் சூசனோடு தொடங்குங்கள். ரூத் இரண்டாவதாக வரட்டும். 'எ மேட்டர் ஆஃப் லைஃப் அண்ட் டெத்' (1946) படத்தில் அவர் செய்த தேவதை வேடமும், பிற்காலத் தொலைக்காட்சி நடிப்பில் உங்கள் காப்பகத்தில் இருப்பவையும் சேரட்டும். சுவரொட்டியில் இயக்குநர்கள் பெயருக்கு மேலே அவர் பெயரைப் போடுங்கள்.

இப்படிக்கு,
ஒரு தமிழ் ரசிகை